பீரோவிலிருந்து வந்த ஒரிஜினல்கள்

ஓசூரில் ஒரு தனியார் பொறியியல் கல்லூரியில் எனக்கு வேலை கிடைத்த அன்று, பத்தாம் வகுப்பு மதிப்பெண் பட்டியலிலிருந்து எம்.இ. பட்டம் வரை எல்லாவற்றையும் ஒரு பழுப்புக் கவரில் போட்டு, கல்லூரியின் ஏ.ஓ. கையில் நானே கொண்டுபோய்க் கொடுத்தேன். ஏ.ஓ. என்றால் நிர்வாக அதிகாரி. அவர் கவரின் மேல் என் பெயரை அழகாக எழுதி, தன் நாற்காலிக்குப் பின்னால் நின்ற இரும்பு பீரோவைத் திறந்து உள்ளே வைத்துப் பூட்டினார். "இங்க இருந்தா பத்திரமா இருக்கும்மா. வீட்ல வச்சா எலி கடிக்கும், கரையான் அரிக்கும்" என்றார். என்ன கரிசனம்! எங்கள் வீட்டு எலிகளைப் பற்றி அவ்வளவு கவலைப்பட்ட மனிதரை நான் வேறெங்கும் பார்த்ததில்லை.

அந்தக் கல்லூரியில் எல்லா ஆசிரியர்களுடைய ஒரிஜினல்களும் அந்த பீரோவில்தான் இருந்தன. அவை உள்ளே இருக்கும்வரை யாரும் வேலையை விட்டுப் போக முடியாது. வேறு இடத்தில் வேலைக்குப் போனால் முதலில் கேட்பதே ஒரிஜினலைத்தான். சம்பளத்தைத் தள்ளிப் போட்டாலும், ஞாயிற்றுக்கிழமை வரச் சொன்னாலும், ஆள்கள் முன்னால் நிற்க வைத்துத் திட்டினாலும் நாங்கள் வாயை மூடிக்கொண்டிருந்ததற்கு வேறு காரணம் இல்லை. பொறுமைசாலிகள் என்று யாராவது எங்களைப் பாராட்டியிருந்தால் ஓங்கி அறைந்திருப்பேன்.

நான் விருதுநகர்ப் பக்கத்துக்காரி. கணவருக்கு ஓசூர் தொழிற்பேட்டையில் ஒரு கம்பெனியில் ஷிப்ட் வேலை. கல்லூரியில் சில வருடங்கள் ஓட்டிய பிறகு, யாருக்கும் சொல்லாமல் அரசு பாலிடெக்னிக் விரிவுரையாளர் தேர்வு எழுதினேன். தேறிவிட்டேன். சான்றிதழ் சரிபார்ப்புக்குச் சென்னைக்கு வரச் சொன்னார்கள். ஒரிஜினலோடு போனால் அரசு வேலை. இல்லாமல் போனால் வெறுங்கையோடு திரும்பி வந்து, அதே பீரோவுக்கு முன்னால் ஓய்வு பெறும் வயதுவரை கும்பிடு போடலாம்.

ஏ.ஓ.விடம் உண்மையைச் சொல்ல நான் என்ன பைத்தியமா? வீட்டுக் கடனுக்கு வங்கியில் ஒரிஜினல் கேட்கிறார்கள் என்று சொன்னேன்.

"பேங்க்ல அதெல்லாம் கேக்க மாட்டாங்களேம்மா" என்று சிரித்தார். இவருக்குத் தெரிந்துவிட்டதோ? யார் சொல்லியிருப்பார்கள்? வீட்டில் என் கணவரைத் தவிர யாருக்கும் தெரியாதே?

"தர மாட்டேன்னா சொன்னேன்? அட்மிஷன் நேரம் பாருங்க. உங்க கணக்குல அஞ்சு புள்ளைங்கள கொண்டாந்து சேத்துடுங்க. அன்னிக்கே என் கையால எடுத்துக் குடுக்கறேன்."

கோடை வந்தால் எங்கள் கல்லூரியில் பாடம் நடத்துகிறவர்கள் எல்லாரும் பிள்ளை பிடிக்கிறவர்கள் ஆகிவிடுவோம். பன்னிரண்டாம் வகுப்பு முடித்த பிள்ளைகள் இருக்கும் வீடுகளுக்கு ஊர் ஊராகப் போய், எங்கள் கல்லூரியில் சேரும்படி பேச வேண்டும். பிள்ளையின் மதிப்பெண் பட்டியலையும் டி.சி.யையும் வாங்கி வந்தால்தான் அது சேர்க்கை. வாயால் வருகிறேன் என்றால் கணக்கில் வராது.

இதற்கு எங்களை இருவர் இருவராகப் பிரித்து அனுப்புவார்கள். ஜோடி என்று பெயர். சாயங்காலம் திரும்பியதும் ஜோடியைத் தனித்தனியாகக் கூப்பிட்டு, எந்த ஊர், எந்த வீடு என்றெல்லாம் கேட்டுவிட்டு, கடைசியில் சும்மா கேட்பதுபோல ஏ.ஓ. கேட்பார்: "கூட வந்தவங்க என்ன பேசனாங்க?" அந்தக் கேள்விக்காகத்தான் ஜோடி என்பது எல்லாருக்கும் தெரியும். ஒன்றும் பேசவில்லை என்று சொன்னால் விடமாட்டார். அதனால் எல்லாரும் ஏதோ கொஞ்சம் சொல்லிவிட்டுத்தான் வருவோம். கொஞ்சம் என்றால் எவ்வளவு என்று யாருக்குத் தெரியும்? ஆசிரியர் அறையில் நாங்கள் பேசியதெல்லாம் இட்லியைப் பற்றியும் ஓசூர்க் குளிரைப் பற்றியும்தான். குளிரைப் பற்றிப் பேசும்போதுகூட ஒருத்தர் வாயை ஒருத்தர் பார்த்துக்கொள்வோம்.

அந்த வருடம் எனக்கு ஜோடியாக வந்தவர் கணிதத் துறை மேடம். தொரப்பள்ளிப் பக்கத்து விவசாயக் குடும்பம். பிறந்த வீட்டில் தெலுங்கு, புகுந்த வீட்டில் கன்னடம், வெளியே தமிழ். சுற்றுப்பட்டு ஊர்களில் எங்கே போனாலும் அவருக்கு ஒரு பெரியம்மாவோ மாமாவோ இருந்தார்கள். இவரோடு போனால் ஐந்து என்ன, பதினைந்தே விழும் என்று நினைத்தேன். அவர் ஸ்கூட்டி ஓட்டுவார். நான் பின்னால் விளம்பரத் தாள்கள் இருந்த பையை மடியில் வைத்துக்கொண்டு உட்காருவேன்.

எனக்குத் தெலுங்கும் வராது, கன்னடமும் வராது. ஓசூரில் சில வருடங்கள் இருந்ததில் காதில் விழுவது எந்த பாஷை என்று மட்டும் கண்டுபிடிக்கத் தெரியும். வீட்டுக்காரர்கள் தமிழ் பேசினால் நான் பேசுவேன். தெலுங்கு பேசினால் அவர் பேசுவார், நான் பல்லைக் காட்டிக்கொண்டிருப்பேன். ஒவ்வொரு வீடாக முடித்து வெளியே வந்ததும், "ஒரு நிமிஷம் மேடம், வீட்ல மாமியாரு" என்று போனை எடுத்துக்கொண்டு தள்ளிப் போவார். முதல் நாள் நான் கண்டுகொள்ளவில்லை. அடுத்த நாள்தான் உறைத்தது, போனில் அவர் பேசியது தெலுங்கு. மாமியார் வீட்டில் கன்னடம் என்று அவரே சொன்னாரே!

சரிதான், என்று நினைத்தேன். ஏ.ஓ.வுக்கும் தெலுங்கு வரும். சாயங்காலம்வரை பொறுக்க முடியாமல் அங்கங்கேயே செய்தி வாசிக்கிறாள் மகராசி. அன்றிலிருந்து அவர் முதுகுக்குப் பின்னால் உட்கார்ந்து போகும்போது நான் வாயையே திறக்கவில்லை. அவர் ஏதாவது கேட்டால் "ம்" என்பேன். "தலவலியா மேடம்? டீ குடிக்கலாமா?" என்று அக்கறையாகக் கேட்பார். அந்த அக்கறையைக் கேட்டால் இன்னும் எரிச்சலாக வரும். கடையில் டீயை வாங்கிக் கையில் கொடுத்துவிட்டு என் முகத்தையே பார்ப்பார். எதைத் தேடுகிறாள் என்று நானும் பார்ப்பேன்.

இதற்கிடையில் ஒரு பிள்ளைகூடச் சேரவில்லை. வீட்டில் பேசும்போது எல்லாரும் சரி என்றுதான் சொல்வார்கள். மோர் கொடுப்பார்கள், தக்காளி கட்டிக் கொடுப்பார்கள். மறுநாள் மதிப்பெண் பட்டியலை வாங்கப் போனால் கதவு பாதிதான் திறக்கும். "பொண்ணு வேணாங்குதுங்க", "அவங்கப்பா ஊர்ல இல்லீங்க", "அடுத்த வருசம் பாக்கலாங்க." ஒரு வீடு இப்படி என்றால் சரி. எல்லா வீடுமா?

சானமாவுக் காட்டை ஒட்டிய ஒரு ஊரில் ஒரு பெண் இருந்தாள். கெட்டிக்காரி, நல்ல மதிப்பெண். அவள் அம்மாவுக்குத் தமிழ் நன்றாக வரும். நான்தான் பேசினேன், மனசாரப் பேசினேன். எங்கள் எலக்ட்ரானிக்ஸ் துறையில் சேர்ந்தால் நானே சொல்லிக் கொடுப்பேன் என்றேன். அந்தப் பெண் கேட்ட கேள்விகளைக் கேட்டு எனக்கு வகுப்பெடுக்கும் ஆசையே திரும்ப வந்துவிட்டது. "நாளைக்கே வந்து வாங்கிக்கோங்க" என்றார் அம்மா. மறுநாள் போனால் வீடு பூட்டிக்கிடந்தது. என் ஜோடி ஸ்கூட்டியை அணைக்காமலே, "சரி விடுங்க மேடம், வேற வீடு பாக்கலாம்" என்றார். இவருக்கு முன்னாலேயே தெரியும் என்று அந்த நொடியில் எனக்குத் தோன்றிவிட்டது.

அடுத்த ஞாயிறு, அவரிடம் சொல்லாமல், பஸ் பிடித்து நான் தனியாகப் போனேன். வழியில் யானை நடமாட்டம் என்று வனத்துறைக்காரர்கள் வண்டிகளை நிறுத்திவைத்திருந்தார்கள். வெயிலில் பஸ்ஸுக்குள் உட்கார்ந்து, என் வேலையைக் கெடுத்தவளை என்னவெல்லாம் கேட்க வேண்டும் என்று யோசித்துக்கொண்டிருந்தேன். சரிபார்ப்புக்கு இரண்டு வாரம்கூட இல்லை.

அந்த அம்மா வாசலில் கேழ்வரகு உலர்த்திக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்ததும் முகம் மாறியது. நான் சுற்றிவளைக்கவில்லை. "ஏன்மா வேண்டாம்னுட்டீங்க? உண்மையச் சொல்லுங்க, நான் வருத்தப்பட மாட்டேன்" என்றேன்.

"உங்கமேல ஒண்ணும் இல்லீங்க மேடம்" என்று தயங்கினார். பிறகு, "உங்க கூட வந்தாங்களே, அந்த மேடம்தான் போன் பண்ணாங்க. பொண்ண எங்க வேணா படிக்க வையி அக்கா, சர்டிபிகேட்ட மட்டும் அந்தக் காலேஜுல குடுத்துடாத, குடுத்தா திரும்பி வராது, நடுவுல புள்ளைக்குப் புடிக்கலன்னாலும் வெளிய வர முடியாதுன்னு சொன்னாங்க" என்றார். கேழ்வரகைக் கையால் பரப்பிக்கொண்டே, "உங்களோடதும் உள்ளதான் மாட்டிக்கெடக்குதாமே? பாவம், அந்த மேடத்துக்கு வேற வழியில்ல, அதான் வராங்க, நீ ஒண்ணும் தப்பா நெனைக்காதன்னும் சொன்னாங்க" என்றார்.

எனக்கு வந்த கோபத்தில் அந்தக் கேழ்வரகு முழுவதையும் காலால் எத்திவிடலாம் போல இருந்தது. பாவமாமே, பாவம்! என் வாழ்க்கையில் மண்ணைப் போட்டுவிட்டு எனக்கே பரிதாபப்பட இவள் யார்? உள்ளே இருந்து அந்தப் பெண் ஒரு சொம்பில் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தாள். கிருஷ்ணகிரியில் அரசுக் கல்லூரியில் இடம் கிடைத்துவிட்டது என்றாள். குடிக்கும்போது எனக்கு வெட்கமாகிவிட்டது. என்னுடைய ஒரிஜினலை வெளியே எடுக்க இவளுடையதை உள்ளே தள்ளத்தானே நான் இவ்வளவு இனிமையாகப் பேசினேன்? இன்னும் சில வருடம் கழித்து இந்தப் பெண்ணும் அதே பீரோ முன்னால் நின்றிருப்பாள்.

மறுநாள் ஸ்கூட்டியில் ஏறும்போது கேட்டுவிட வாய் துடித்தது. கேட்கவில்லை. கேட்டால் எனக்குத் தெரியும் என்று அவருக்குத் தெரிந்துவிடும். அப்புறம் நான் ஏ.ஓ. அறைக்குள் போகும்போதெல்லாம் அவர் வெளியே பயந்து செத்துக்கொண்டிருக்க வேண்டும். தெரியாததுபோலவே பின்னால் உட்கார்ந்தேன். வீடு முடிந்ததும் அவர் போனை எடுத்துக்கொண்டு தள்ளிப் போனார். நான் வேறு பக்கம் திரும்பி ஒரு தக்காளித் தோட்டத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

என் கணவரிடம் மட்டும் சொன்னேன். சொல்லாமல் இருந்தால் வெடித்திருப்பேன்.

"அவ பேரச் சொல்லிட்டு ஒரிஜினல வாங்கிட்டு வர வேண்டியதுதான? ஒனக்கு என்ன கிறுக்கா?" என்றார்.

"அவங்களுக்கும் சின்னப் பொண்ணு இருக்குங்க. அவங்க ஒரிஜினலும் அங்கதான கெடக்கு" என்றேன்.

"அப்ப நம்ம புள்ளைக்கு? எம் பேக்டரில எப்ப கேட்டை இழுத்துப் பூட்டுவான்னு தெரியல. இங்கிட்டு இருந்து ஒரு கவர்மெண்ட்டு வேல வருதுன்னா, அவளுக்காக விட்டுட்டு உக்காருவியாக்கும்!" என்று கத்திவிட்டு ஷிப்டுக்குப் போய்விட்டார். அவர் கேட்டதும் தப்பில்லை. எனக்குத்தான் அழுகை நிற்கவில்லை.

இரண்டு நாளில் ஏ.ஓ. என்னைக் கூப்பிட்டார். மேசைமேல் என் பழுப்புக் கவர் இருந்தது. பல வருடங்களுக்குப் பிறகு அதைப் பார்க்கிறேன். அவர் கையால் எழுதிய என் பெயர் கொஞ்சம் மங்கியிருந்தது. கையை நீட்டினால் எட்டிவிடும் தூரம்.

"உங்க ஜோடிக்கு ஒண்ணுமே விழலியேம்மா. மத்த ஜோடியெல்லாம் கொண்டாராங்க. யாரோ கெடுக்கறாங்க. யாருன்னு மட்டும் சொல்லுங்க, இத எடுத்துட்டுப் போங்க. அஞ்சும் வேணாம், ஒண்ணும் வேணாம்."

அந்தக் கவரை விட்டு என் கண் நகரவில்லை. நாக்கு நுனிவரை வந்ததை விழுங்கினேன். "யாரும் கெடுக்கல சார். சானமாவுப் பக்கம் யானை எறங்கியிருக்கு. சனங்க பயந்துபோய்க் கெடக்காங்க, காலேஜப் பத்திப் பேசவே மாட்டேங்கறாங்க" என்றேன்.

"ஓ, யானை வந்து மார்க் ஷீட்டெல்லாம் தின்னுட்டுப் போயிருச்சாக்கும்?" என்று சிரித்தார். சிரித்துக்கொண்டே கவரை எடுத்து பீரோவில் வைத்தார். சாவி திரும்பும் சத்தம் கேட்டது. சென்னை அவ்வளவுதான் என்று மனசைத் தேற்றிக்கொண்டு வெளியே வந்தேன். வராந்தாவில் என் ஜோடி நின்றிருந்தார். என் கைகளைப் பார்த்தார், பிறகு முகத்தைப் பார்த்தார்.

அந்த வாரக் கடைசியில் செமினார் ஹாலில் எல்லா ஆசிரியர்களையும் கூட்டினார்கள். ஏ.ஓ. மைக்கைப் பிடித்தார். கல்லூரியின் சோற்றைத் தின்றுகொண்டு வீடு வீடாகப் போன் போட்டுக் கெடுத்த ஒருவர் நம்மிடையே இருக்கிறார் என்றார். கணிதத் துறை மேடத்தை எழுந்து நிற்கச் சொன்னார். இன்றோடு அவருக்கு இங்கே வேலை இல்லை, விசாரணை முடியும்வரை அவர் சான்றிதழ்கள் கல்லூரியிடமே இருக்கும் என்றார். யார் சொன்னது? எப்படித் தெரிந்தது?

அப்போதுதான் மைக்கில் என்னைக் கூப்பிட்டார். ஏன் என்று புரியாமலே எழுந்து போனேன். பியூன் என் பழுப்புக் கவரை ஒரு தட்டில் வைத்துக் கொண்டுவந்தார், கல்யாண வீட்டில் தாம்பூலம் வருவதுபோல.

"விசுவாசமா இருக்கறவங்கள இந்தக் கல்லூரி என்னைக்கும் கைவிடாது. ரொம்ப நன்றிம்மா" என்று சொல்லி, எல்லார் முன்னாலும் அதை என்னிடம் நீட்டினார். "கை தட்டுங்க" என்றார். தட்டினார்கள்.

நான் சொல்லவில்லை என்று கத்தியிருக்கலாம். மைக் அவர் கையில் இருந்தது, கவர் என் முன்னால் இருந்தது, திங்கட்கிழமை சென்னையில் சரிபார்ப்பு. இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டேன். அந்த மனிதன் ஏன் எனக்கு அதைக் கொடுத்தான் என்பது மேடையை விட்டு இறங்கும்போதுதான் விளங்கியது. நிஜமாகச் சொன்ன ஆளை மறைக்க அவனுக்கு ஒரு முகம் வேண்டியிருந்தது. தன்னிடம் யானைக் கதை சொன்னவளுக்கு இதைவிட நல்ல தண்டனை என்ன இருக்கிறது?

ஓடிப்போய் வண்டி நிறுத்துமிடத்தில் அவரைப் பிடித்தேன். ஹெல்மெட்டை மாட்டிக்கொண்டிருந்தார். "நான் சொல்லலைங்க மேடம். எம் புள்ள மேல சத்தியமா" என்றேன். கவர் என் கக்கத்தில் இருந்தது.

"நீங்களான்னு நான் கேக்க மாட்டேன் மேடம்" என்றார். குரலில் கோபமே இல்லை. "நீங்களா இருந்தாலும் உங்க நெலம எனக்குத் தெரியும். போயி நல்லபடியா வேலைல சேருங்க." வண்டியைக் கிளப்பிக்கொண்டு போய்விட்டார். திட்டியிருந்தால் எனக்கு ஆறியிருக்கும்.

அன்று வீட்டுக்கு வந்ததும் கணவரிடம் கேட்டேன். "ஏங்க, நீங்க யார்கிட்டயாவது சொன்னீகளா?"

"நான் எதுக்குச் சொல்லப் போறேன்? நல்லாருக்கே கத!" என்றார். பிள்ளையின் தலையில் கை வைத்துச் சத்தியமும் செய்தார். நம்பினேன். ஆனாலும் அவர் தூங்கும்போது சில நாள் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருப்பேன். ஏதாவது ஒரு வீட்டுக்காரர் கல்லூரிக்கே போன் போட்டு, சான்றிதழைத் திருப்பித் தருவீர்களா என்று வெள்ளந்தியாகக் கேட்டிருக்கலாம். இல்லை வேறு ஜோடியாக இருக்கலாம். யார் என்று இன்றுவரை எனக்குத் தெரியாது.

அரசு வேலை கிடைத்துவிட்டது. கிருஷ்ணகிரி மாவட்டத்திலேயே பாலிடெக்னிக்கில் இடம். கணித மேடத்தின் போன் எண் மாறியிருந்தது. ஒரிஜினல் இல்லாததால் அவர் வீட்டிலேயே டியூஷன் எடுக்கிறார் என்று கேள்விப்பட்டேன். எங்கள் பக்கத்து வீட்டு அக்கா தெலுங்குக்காரர். அவரிடம் நச்சரித்துத் தெலுங்கு கற்றுக்கொண்டேன். என்றைக்காவது அந்த மேடத்தைப் பார்த்தால், தமிழில் சொன்னதைவிட அவர் பாஷையில் சொன்னால் மனசில் படும் என்று எனக்கு ஒரு நம்பிக்கை. சமைக்கும்போது, பஸ்ஸில் நிற்கும்போது, அந்த ஒரு வாக்கியத்தைச் சொல்லிச் சொல்லிப் பார்ப்பேன்.

போன மாதம் ஓசூர் உழவர் சந்தையில் அவரைப் பார்த்தேன். தங்கையோ யாரோ ஒரு பெண்ணோடு பீன்ஸ் பொறுக்கிக்கொண்டிருந்தார். கடைக்காரரிடம் தமிழில் பேரம் பேசிக்கொண்டிருந்தவர், என்னைப் பார்த்ததும் பக்கத்துப் பெண்ணிடம் தெலுங்குக்கு மாறினார். "மெதுவாப் பேசு. சொன்னேன்ல, அவங்கதான்." எனக்கு ஒவ்வொரு சொல்லும் புரிந்தது. கிட்டப் போனேன்.

"நேனு செப்பலேது" என்றேன். நான் சொல்லவில்லை. சுத்தமாகத்தான் சொன்னேன், பக்கத்து வீட்டு அக்காவே மெச்சியிருப்பார்.

அவர் கை பீன்ஸ் குவியலில் அப்படியே நின்றது.

"உங்களுக்குத் தெலுங்கு வருமா மேடம்?"

"இப்பத்தாங்க கத்துக்கிட்டேன். பக்கத்து வீட்ல..."

"அப்பிடியா" என்றார். "நான் போன்ல பேசனது கூட வந்தவங்களுக்குப் புரிஞ்சிருக்காதே, எப்பிடித் தெரிஞ்சிதுன்னு இத்தன நாளாக் கொழம்பிட்டிருந்தேன்."

பீன்ஸைப் பையில் போட்டுக்கொண்டு அந்தப் பெண்ணோடு நடந்தார். நான் பின்னாலேயே போய்த் தமிழில் சொன்னேன், தெலுங்கிலும் சொன்னேன். பேசப் பேச எனக்குத் தெலுங்கு இன்னும் நன்றாக வந்தது. அதுவரை அவருக்கு என்மேல் இருந்தது வெறும் சந்தேகம்தான். அதை நானே தீர்த்துவைத்துவிட்டேன்.